சொன்னது வெளியே போகுமா? உளவியலாளர்களின் ஒழுக்க விதிகள்: ஒரு விளக்கம்

திருநெல்வேலிப் பக்கம் ஒருவர் "கவுன்சிலரைப் பார்க்கப் போறேன்" என்றால், சாக்கடை அடைப்பா, தெருவிளக்கு எரியவில்லையா என்றுதான் எதிரில் நிற்பவர் கேட்பார். வார்டு கவுன்சிலருக்கும் மனநல ஆலோசனை தரும் கவுன்சிலருக்கும் ஒரே பெயர் ஒட்டிக்கொண்டுவிட்டது. முதலாமவர் சரியாக நடக்கவில்லை என்றால் எங்கே போய்ச் சத்தம் போடுவது என்று ஊருக்குத் தெரியும். இரண்டாமவர் விஷயத்தில் அது தெரிவதில்லை.

அதனால் மூன்று சந்தேகங்கள் திரும்பத் திரும்ப எழுகின்றன. உள்ளே சொன்னதை வீட்டாரிடம் சொல்லிவிடுவாரா? விவாகரத்து வழக்கு வந்தால் நமக்கு எதிராக எழுதிக் கொடுப்பாரா? நம் கதையை யூடியூபில் பேசிவிடுவாரா? மூன்றுக்கும் விதிகளில் பதில் உண்டு. அந்த விதி யாரைக் கட்டுப்படுத்தும், யாரைக் கட்டுப்படுத்தாது என்பதில்தான் சிக்கல். அங்கிருந்தே தொடங்கலாம்.

## ஒரே போர்டு, மூன்று வகை ஆட்கள்

"மனநல ஆலோசனை மையம்" என்ற போர்டுக்குப் பின்னால் மூன்று வகையினர் இருக்கலாம்.

1. மனநல மருத்துவர். எம்.பி.பி.எஸ். முடித்து மனநலத்தில் மேற்படிப்பு படித்தவர். மாத்திரை எழுதலாம். மருத்துவர்களுக்கென 2002-இல் வந்த ஒழுக்க விதிமுறைகள் இவருக்குப் பொருந்தும். தவறினால் மருத்துவ கவுன்சில் இவருடைய பதிவில் கை வைக்கலாம்.

2. மருத்துவ உளவியலாளர். பெயரில் மருத்துவம் இருந்தாலும் இவர் மருத்துவர் அல்லர். மாத்திரை எழுத முடியாது. பேச்சு, சோதனை, பயிற்சி இவைதான் இவருடைய கருவிகள். உளவியலில் முதுகலை முடித்து, அதற்கு மேல் மேற்பார்வையின் கீழ் மருத்துவமனைப் பயிற்சியோடு 2 ஆண்டு எம்.பில். படிப்பதே நீண்ட காலம் இதற்கான வழக்கமான பாதையாக இருந்தது. 1992-ஆம் ஆண்டுச் சட்டப்படி அமைந்த இந்திய மறுவாழ்வு கவுன்சிலின் மத்தியப் பதிவேட்டில் இவர் பெயரும் எண்ணும் இருக்க வேண்டும். பதிவு இல்லாமல் தொழில் செய்தால் 1 ஆண்டு வரை சிறை அல்லது 1,000 ரூபாய் வரை அபராதம் அல்லது இரண்டும். அந்த 1,000 ரூபாய் இன்று யாரையும் பயமுறுத்தும் தொகை இல்லை என்பது வேறு விஷயம்.

3. மற்றவர்கள். உளவியலில் எம்.ஏ., எம்.எஸ்சி. படித்தவர், சமூகப்பணி படித்தவர், பள்ளி ஆலோசகர், ஆறு மாத டிப்ளமோக்காரர், வார இறுதி ஆன்லைன் வகுப்பில் சான்றிதழ் வாங்கியவர் என எல்லோரும் இந்தக் கூடைக்குள் வருகிறார்கள். திறமையானவர்கள் இவர்களில் நிறையப் பேர் உண்டு. ஆனால் நீண்ட காலம் இவர்களைப் பதிவு செய்யச் சட்டப்படி ஓர் இடமே இல்லை. 2021-இல் வந்த துணை மருத்துவ, சுகாதாரத் தொழில்முறையாளர் ஆணையச் சட்டம் மருத்துவ உளவியலாளர் தவிர்த்த மற்ற உளவியலாளர்களையும் நடத்தை நலப் பணியாளர்களையும் தன் பட்டியலில் சேர்த்திருக்கிறது.

பாளையங்கோட்டை ஹைகிரவுண்டில் உள்ள அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்குப் போகிறவருக்கு இந்தக் குழப்பம் அவ்வளவு வராது. எந்த அறையில் உட்கார்ந்திருப்பவர் என்ன படித்தவர் என்பதை அங்கே அரசாங்கம் பார்த்துக்கொள்கிறது. குழப்பமெல்லாம் மாடிப்படி ஏறிப் போகும் தனியார் அறைகளில்தான்.

## விதித்தொகுப்பு என்றால் என்ன, ஏன் வந்தது?

ஒழுக்க விதித்தொகுப்பு என்பது ஒரு தொழில் செய்கிறவர்கள் தங்களுக்குத் தாங்களே போட்டுக்கொள்ளும் கட்டுப்பாடு. சட்டம் அரசு போடுவது. ஒரு செயல் சட்டப்படி குற்றமாக இல்லாமலே விதித்தொகுப்பின்படி தப்பாக இருக்கலாம். உதாரணமாக, தன்னிடம் சிகிச்சைக்கு வருகிறவரிடமே ஒருவர் கைமாற்று வாங்கினால் போலீஸ் வராது. தொழில் நெறி கேள்வி கேட்கும்.

உளவியலுக்கு இது தேவைப்பட்ட கதை அவ்வளவு அழகானதல்ல. 1920-இல் அமெரிக்க உளவியலாளர் ஜான் வாட்சன் ஒரு கைக்குழந்தைக்கு வெள்ளெலியைக் காட்டி, கூடவே பெரும் சத்தம் எழுப்பி, அந்த எலியைக் கண்டாலே பயப்பட வைத்தார். பிறகு அந்தப் பயத்தைப் போக்கவும் இல்லை. அன்றைக்கு அது ஆராய்ச்சி. நாஜி மருத்துவர்கள் மீதான வழக்கை ஒட்டி 1947-இல் வந்த நியூரம்பெர்க் நெறி, தானாக மனம் ஒப்பித் தரும் சம்மதம் இல்லாமல் மனிதரை வைத்து எந்தச் சோதனையும் கூடாது என்றது.

அமெரிக்க உளவியல் சங்கத்தின் முதல் விதித்தொகுப்பு 1953-இல் வெளிவந்தது. அதை உருவாக்கிய விதம் கவனிக்கத்தக்கது. பெரியவர்கள் நான்கு பேர் உட்கார்ந்து எழுதவில்லை. 'உங்கள் வேலையில் எது சரி, எது தப்பு என்று திணறிய சம்பவங்களை எழுதி அனுப்புங்கள்' என்று உறுப்பினர்களிடம் கேட்டார்கள். 1,000-க்கும் மேற்பட்ட சம்பவங்கள் வந்து சேர்ந்தன. அவற்றிலிருந்துதான் விதிகள் பிறந்தன. அதாவது, அந்த விதிகளில் இருப்பது அமெரிக்க ஊர்களின், அமெரிக்க வீடுகளின் சிக்கல்கள். இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வேண்டியிருக்கும்.

இந்தியாவில் 1968-இல் தொடங்கிய இந்திய மருத்துவ உளவியலாளர் சங்கத்துக்குத் தன் உறுப்பினர்களுக்கான நடத்தை விதிகள் உண்டு. உலக அளவில் 2008-இல் பெர்லினில் ஏற்கப்பட்ட பொதுப் பிரகடனமும் உண்டு. எந்தத் தொகுப்பை எடுத்தாலும் அடிப்படை ஏறக்குறைய ஒன்றுதான்: நன்மை செய், கெடுதல் செய்யாதே, நம்பிக்கையைக் காப்பாற்று, நேர்மையாக இரு, எல்லோரையும் சமமாக நடத்து, வந்தவரின் உரிமையையும் மானத்தையும் மதி. இதை யாரும் மறுக்கப்போவதில்லை. நடைமுறைக்கு இறங்கும்போதுதான் முட்டிக்கொள்ளும்.

## ரகசியம்: எது பூட்டு, எது சாவி

இந்த வட்டாரத்தில் மனக்குறையைச் சொல்லிக்கொள்ள இடமே இல்லாமல் இருந்ததில்லை. சுடலைமாடன் கோயில் கொடையில் கோமரத்தாடியிடம், அதாவது சாமியாடியிடம், குறி கேட்பார்கள். உவரி அந்தோணியார் கோயிலில் நாள்கணக்கில் தங்குவார்கள். ஆனால் அங்கே பேச்சு பெரும்பாலும் நாலு பேர் முன்னிலையில் நடப்பது. கூட்டமே சாட்சி, அதுவே அந்த முறைக்குப் பலமும்கூட. உளவியலாளரின் அறை இதற்கு நேர் எதிர். கதவைச் சாத்திக்கொண்டு பேசுவதுதான் அங்கே மருந்து. அந்தப் பேச்சு கசிந்தால் அப்புறம் யாரும் உண்மையைச் சொல்ல மாட்டார்கள். உண்மையைச் சொல்லாதவருக்கு அந்த அறையில் செய்ய எதுவுமில்லை. "கோட்டி" (பைத்தியம்) என்ற ஒற்றைச் சொல் ஒருவருடைய கல்யாணத்தையே நிறுத்திவிடும் ஊரில் இது இன்னும் கூர்மையான விஷயம்.

2017-ஆம் ஆண்டு மனநலப் பராமரிப்புச் சட்டத்தின் 23-வது பிரிவு ரகசியத்தை மனநோய் உள்ளவரின் உரிமையாகவே சொல்கிறது. மருத்துவர் தரும் சலுகை என்று சொல்லவில்லை. விதிவிலக்குகளையும் அதுவே எண்ணிச் சொல்கிறது. சாரம் இது:

1. அவர் நியமித்த பிரதிநிதிக்கு, பிரதிநிதியின் கடமையைச் செய்யத் தேவையான அளவுக்குச் சொல்லலாம்.
2. சிகிச்சை தரும் மற்ற மருத்துவ, மனநலப் பணியாளர்களுக்குச் சொல்லலாம்.
3. வேறொருவருக்கு ஆபத்து அல்லது வன்முறை நேராமல் தடுக்கவும், உயிராபத்தைத் தடுக்கவும் சொல்லலாம். அதற்கு எவ்வளவு தேவையோ அவ்வளவு மட்டும்.
4. இந்தச் சட்டப்படி அமையும் மனநல மறுஆய்வு வாரியம், உயர் நீதிமன்றம், உச்ச நீதிமன்றம் முதலிய அதிகாரம் பெற்ற அமைப்புகள் உத்தரவிட்டால் தர வேண்டும்.
5. பொதுப் பாதுகாப்பு கருதித் தரலாம்.

முதல் புள்ளியில்தான் நம் வீடுகள் தடுக்கி விழுகின்றன. பெண்ணை அழைத்துக்கொண்டு அம்மா, சித்தி, மைனி, கூடவே கார் ஓட்டி வந்த சித்தப்பா என ஐந்து பேர் வருவார்கள். வெளியே வந்ததும் அம்மா கேட்பார்: "ஏம்மா, உள்ள அப்படி என்னதான் சொன்னா அவ? பெத்தவ எங்கிட்டச் சொல்லக் கூடாதாக்கும்?" கேள்வியில் தப்பில்லை, வேதனைதான் இருக்கிறது. ஆனால் 18 வயது நிறைந்தவரின் பிரதிநிதி யார் என்பதை அவரே வெள்ளைத் தாளில் எழுதிக் கையெழுத்தோ கைநாட்டோ வைத்து முடிவு செய்யலாம் என்கிறது சட்டம். அப்படி யாரையும் குறிப்பிடாதபோதுதான் உறவினர், பராமரிப்பவர் என்ற வரிசை வருகிறது. பீஸ் கட்டியவர் என்பதற்காகக் கணவருக்கோ மாமியாருக்கோ தனி உரிமை வந்துவிடாது. நல்ல உளவியலாளர் அந்த அம்மாவைத் துரத்த மாட்டார். மகளிடம் கேட்டுவிட்டு, மகளையும் பக்கத்தில் வைத்துக்கொண்டு, மகள் சம்மதித்த அளவுக்குப் பேசுவார்.

மூன்றாவது புள்ளிக்குப் பின்னால் ஒரு வழக்கு இருக்கிறது. 1969-இல் கலிஃபோர்னியாவின் பெர்க்லியில், வங்காளத்திலிருந்து படிக்கப்போன ஒரு மாணவர், ஒரு பெண்ணைக் கொல்லப்போவதாகத் தன் உளவியலாளரிடம் சொன்னார். உளவியலாளர் பல்கலைக்கழகப் போலீசுக்குத் தெரிவித்தார். அவர்கள் மாணவரைப் பிடித்து விசாரித்துவிட்டு விட்டுவிட்டார்கள். அந்தப் பெண்ணுக்கோ அவர் வீட்டுக்கோ யாரும் சொல்லவில்லை. அவர் கொல்லப்பட்டார். பெற்றோர் தொடுத்த, அந்தப் பெண்ணின் குடும்பப் பெயரால் அறியப்படும் தாரசாஃப் வழக்கில் 1976-இல் கலிஃபோர்னியா உச்ச நீதிமன்றம், ஆபத்திலிருப்பவரைக் காக்க நியாயமான நடவடிக்கை எடுக்கும் கடமை சிகிச்சை தருபவருக்கு உண்டு என்றது. அந்தத் தீர்ப்பு இந்திய நீதிமன்றங்களைக் கட்டுப்படுத்தாது. ஆனால் நம் 2017 சட்டத்தின் விதிவிலக்கும் அதே கவலையிலிருந்து வருவதுதான்.

வழக்கறிஞரிடம் கட்சிக்காரர் சொன்னதற்குச் சாட்சியச் சட்டத்தில் தனிப் பாதுகாப்பு உண்டு. உளவியலாளருக்கு அது கிடையாது. நீதிமன்றம் கூப்பிட்டுக் கேட்டால், தேவையானதை மட்டும் தர அனுமதிக்குமாறு வேண்டலாம். மறுத்துவிட்டு உட்கார முடியாது.

## பள்ளிப் பிள்ளைகள் விஷயம் தனி

18 வயதுக்கு உட்பட்டவர் பாலியல் குற்றத்துக்கு ஆளாகியிருப்பது தெரிந்தால் 2012-ஆம் ஆண்டு போக்சோ சட்டப்படி கட்டாயம் புகார் செய்ய வேண்டும். செய்யாவிட்டால் 6 மாதம் வரை சிறை அல்லது அபராதம் அல்லது இரண்டும். பள்ளி ஆலோசகருக்கும் இது பொருந்தும். கொடுமை செய்தவன் மாமாவாக இருந்தாலும், குடும்பமே வந்து "ஊருக்குள்ள பேசிருவாங்க, விட்ருங்க" என்று கெஞ்சினாலும் விதி மாறாது.

சிக்கலான இடம் இன்னொன்று: 17 வயதுப் பையனும் 16 வயதுப் பெண்ணும் காதலிக்கிறார்கள். அவர்களுக்குள் பாலுறவு இருந்தால் அதுவும் சட்டத்தின் கண்ணில் குற்றம்தான், ஆலோசகரிடம் சொன்னால் அவர் புகார் செய்தாக வேண்டும். நெறிப்படி இதற்கு ஒரே தற்காப்பு, முதல் நாளே, பேச்சு தொடங்கும் முன்பே, "நீ சொல்வதில் எதை நான் ரகசியமாக வைத்திருக்க முடியாது" என்று பிள்ளைக்குப் புரியும் தமிழில் சொல்லிவிடுவது. விவரம் தெரிந்து தரும் சம்மதம் என்பது இதுதான். கட்டணம், எத்தனை முறை வர வேண்டும், ரகசியத்தின் எல்லை எது என்பதெல்லாம் அதில் சேரும்.

தற்கொலை எண்ணத்தைச் சொன்னால் போலீஸ் கேஸ் ஆகிவிடும் என்ற பயம் இன்னும் இருக்கிறது. ஆகாது. 2017 சட்டத்தின் 115-வது பிரிவு, முயன்றவர் கடும் மன அழுத்தத்தில் இருந்தார் என்றே கொள்ள வேண்டும், தண்டிக்கக் கூடாது என்கிறது. அறைக்குப் போக முடியாத நேரத்துக்கு அரசின் டெலிமனாஸ் என்ற மனநல உதவித் தொலைபேசி எண் 14416 இருக்கிறது.

## இரட்டை உறவு: நெல்லையில் எல்லோரும் சொந்தம்

சிகிச்சை தருபவர் என்ற உறவோடு இன்னொரு உறவும் சேர்ந்துகொள்வதை இரட்டை உறவு என்கிறார்கள். உறவினர், முதலாளி, கடன் கொடுத்தவர், ஆசிரியர், காதலர் என்று அது எதுவாகவும் இருக்கலாம். இதில் ஒரு கோடு அழிக்க முடியாதது: தற்போது சிகிச்சையில் இருப்பவரோடு பாலுறவு எந்த நிலையிலும் கூடாது. சிகிச்சை முடிந்த பிறகும் குறைந்தது 2 ஆண்டுகள் வரை கூடாது, அதற்குப் பின்னும் மிக அபூர்வமான சூழலில் தவிரக் கூடாது என்கிறது அமெரிக்கத் தொகுப்பு. வந்தவர் 'சம்மதித்தார்' என்பது இங்கே பதிலாகாது. தன் பலவீனமெல்லாம் தெரிந்த ஒருவரிடம் தரும் சம்மதம் அது.

மற்ற இரட்டை உறவுகளில் விதி இவ்வளவு கறாராக இல்லை. நடுநிலை கெடும், சுரண்டலோ தீங்கோ வரும் என்று எதிர்பார்க்க முடிந்தால் தவிர், இல்லையென்றால் தப்பில்லை. நகரத்தில் இது சுலபம். களக்காட்டிலோ அம்பாசமுத்திரத்திலோ? உளவியலாளரின் தம்பி மனைவி, வந்தவரின் மகளுக்கு வகுப்பாசிரியை. பங்குனி உத்திரத்துக்கு ஒரே சாஸ்தா கோயில். வாசலில் நின்ற ஸ்கூட்டரை வைத்தே "அவிய அங்க எதுக்குப் போனாவ?" என்று புறணி கிளம்பிவிடும். அந்நியராக இருப்பவரிடம் மட்டும் போ என்று விதியைக் கறாராகப் பிடித்தால், இங்கே பாதிப் பேர் யாரிடமும் போக முடியாது.

அனுபவம் உள்ளவர்கள் இதற்குச் சின்னச் சின்ன ஏற்பாடுகள் வைத்திருப்பார்கள். வெளியில் பார்த்தால் நான் முதலில் பேச மாட்டேன், நீங்கள் பேசினால் பேசுகிறேன் என்று முன்கூட்டியே சொல்வது ஒன்று. ஒருவர் வெளியேறி அடுத்தவர் வருவதற்குள் கால் மணி இடைவெளி விடுவது இன்னொன்று. கல்யாணப் பத்திரிகை வைத்தால் என்ன செய்வது என்பதையும் பேசியே முடிவெடுப்பார்கள். தோட்டத்து வாழைத்தாரையோ ஒரு கிலோ அல்வாவையோ மறுத்தால் கொண்டுவந்தவர் முகம் வாடிவிடும். வாங்கினால் அடுத்த முறை பீஸ் கேட்க நாக்கு எழாது. சிறிய பொருளை வாங்கி, நன்றி சொல்லி, குறிப்பேட்டில் எழுதி வைப்பது நடுவழி. பீஸுக்குப் பதிலாகவே மாதாமாதம் நெல் மூட்டை என்றால் அது பண்டமாற்று. அதை அமெரிக்கத் தொகுப்புகூட முழுதாகத் தடுக்கவில்லை. சிகிச்சைக்கு ஊறாகாமலும் சுரண்டலாகாமலும் இருந்தால் சரி என்கிறது.

என் பார்வையில் இந்த வட்டாரத்தின் மிகப் பெரிய இரட்டை உறவு சாதி. "நீங்க எந்த ஊரு? அதில எந்தத் தெரு?" என்ற கேள்வி எதைக் கேட்கிறது என்று இங்கே எல்லோருக்கும் தெரியும். வருகிறவரும் கேட்பார், சில சமயம் உட்கார்ந்திருப்பவரும் கேட்பார். பதில் வந்தவுடன் ஒருவர் சொக்காரர் (பங்காளி) ஆகிவிடுகிறார், இன்னொருவர் அந்நியர் ஆகிவிடுகிறார். சாதி மாறிக் காதலித்த பெண்ணை, பெண்ணின் சாதியைச் சேர்ந்த ஆலோசகரிடம் 'மனசை மாற்ற' அழைத்து வருகிறார்கள் என்று வைத்துக்கொள்ளுங்கள். அந்த அறையில் அவர் யார்? சிகிச்சை தருபவரா, ஊர்ப் பெரியவரா? அமெரிக்கத் தொகுப்பின் இரட்டை உறவு விதியில் சாதி என்ற சொல் கிடையாது. அந்த 1,000 சம்பவங்களில் இது இருந்திருக்க வாய்ப்பில்லை. 2023-இல் நாங்குநேரியில் பள்ளி மாணவர் ஒருவரைச் சிலர் வீடு புகுந்து வெட்டியதை அடுத்து, மாணவர்களிடையே சாதி வன்முறையைத் தடுக்க வழி சொல்ல நீதிபதி சந்துரு குழு அமைக்கப்பட்டு, 2024-இல் அறிக்கையும் வந்தது. சாதி அடையாளமாகக் கையில் கட்டும் வண்ணக் கயிறுவரை பேசியாகிவிட்டது. அந்தக் கயிறு கட்டிய பையனுக்கு ஆலோசனை சொல்ல உட்காருகிறவர் தன் கயிற்றை என்ன செய்ய வேண்டும் என்பதை நம் உளவியலாளர்கள்தான் எழுத வேண்டும். நாகர்கோவில் முதல் கோவில்பட்டி வரை உள்ளவர்களிடம் இப்படிச் சம்பவங்களைக் கேட்டு வாங்கினாலே ஒரு விதித்தொகுப்புக்கு வேண்டிய சரக்கு சேர்ந்துவிடும்.

## சான்றிதழும் யூடியூபும்

விவாகரத்து வழக்குகளில் 'மனநிலை சரியில்லை' என்ற காகிதத்துக்குக் கிராக்கி அதிகம். இங்கே மூன்று விதிகள் சேர்ந்து வேலை செய்கின்றன.

1. நேரில் பரிசோதிக்காதவரைப் பற்றி முடிவு எழுதக் கூடாது. கணவர் சொன்னதை மட்டும் வைத்து மனைவிக்கு நோய்ப் பெயர் சூட்டுவது நெறி மீறல்.
2. தம்பதியாக வந்தால் இருவரில் யாருக்காக வேலை செய்கிறார் என்பதை முதலிலேயே தெளிவுபடுத்த வேண்டும். இருவருக்கும் ஆலோசனை சொல்லிவிட்டு, பிறகு ஒருவர் பக்கம் சாட்சிக்குப் போவது அந்தத் தெளிவைக் கெடுக்கும்.
3. மனநோய் இருக்கிறது என்று கண்டறிவதும் 'சித்த சுவாதீனம் இல்லாதவர்' என்பதும் ஒன்றல்ல என்று 2017 சட்டமே சொல்கிறது. பின்னதை நீதிமன்றம்தான் அறிவிக்க முடியும்.

யூடியூப் பற்றி நீளமாகச் சொல்ல வேண்டியதில்லை. சிகிச்சை பெறுபவரின் படத்தையோ தகவலையோ அவர் சம்மதம் இல்லாமல் ஊடகத்துக்குத் தரக் கூடாது என்கிறது 24-வது பிரிவு. "பெயரை மாற்றிவிட்டேன்" என்பது போதாது. "முக்கூடல் பக்கம் பீடி சுற்றும் பெண், மூன்றும் பெண்பிள்ளைகள், கணவர் துபாயில்" என்றால் பெயரா முக்கியம்? அந்தத் தெருவுக்கு இவ்வளவே அதிகம்.

## மீறினால் எங்கே போவது?

1. மனநல மருத்துவர் என்றால் மாநில மருத்துவ கவுன்சில்.
2. பதிவு பெற்ற மருத்துவ உளவியலாளர் என்றால் இந்திய மறுவாழ்வு கவுன்சில். பதிவேட்டிலிருந்து பெயரை நீக்கும் அதிகாரம் சட்டத்தில் உண்டு.
3. மனநலச் சிகிச்சை நிலையத்தில் குறை என்றால் முதலில் அதன் பொறுப்பு மருத்துவர், அடுத்து மறுஆய்வு வாரியம், அதற்கும் மேல் மாநில மனநல ஆணையம்.
4. காசு வாங்கிக்கொண்டு சரியாகச் சேவை செய்யவில்லை என்றால் நுகர்வோர் ஆணையம். பாலியல் தொல்லை, மிரட்டல், பணம் பறித்தல் எல்லாம் நேரே காவல் நிலையம்.

மூன்றாம் வகை ஆலோசகர் ஏதாவது சங்கத்தில் உறுப்பினர் என்றால் சங்கம் விசாரிக்கலாம். அதிகபட்சம் உறுப்பினர் பட்டியலிலிருந்து பெயரை எடுக்கலாம். மறுநாளும் போர்டு அதே மாடிப்படியில் தொங்கும். 2021 சட்டத்தின்படி மாநில கவுன்சிலும் பதிவேடும் முழுதாக நடைமுறைக்கு வரும்போதுதான் இவருக்கும் பறிபோகக்கூடிய ஒரு பதிவு எண் இருக்கும். அதுவரை முதல் சந்திப்பில் கேட்க வேண்டிய கேள்விகள் மூன்று: என்ன படித்தீர்கள், எதில் பதிவு செய்திருக்கிறீர்கள், நான் சொல்வதை எந்தச் சூழலில் யாரிடம் சொல்வீர்கள். மூன்றுக்கும் பதிலை எழுத்தில் கேட்டு வாங்கிக்கொள்ளலாம். கேட்பது மரியாதைக் குறைவு ஆகாது.